என்ன மீன் என்று கேட்ட அப்பா

அன்புள்ள தம்பிக்கு,

கடிதத்தில் என்னை அக்கா என்று அழைத்திருந்தீர்கள். அந்த உரிமையில் நானும் தம்பி என்றே எழுதுகிறேன்.

நீங்கள் எழுதியது மற்ற வாசகர்களுக்கும் தெரிந்தால்தான் என் பதில் விளங்கும். அதனால் முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். காட்டுப்பள்ளியில் கன்டெய்னர் யார்டில் உங்களுக்கு வேலை. ராத்திரி ஷிப்டில் மூன்று மணிக்கு டீ வரும். அன்றைக்கு டீ குடிக்கும்போது கூட வேலை பார்க்கும் ஒருவர் கதை சொல்ல ஆரம்பித்தார். ஒரு மீனவர். தனி ஆள், சின்னப் படகு, அமாவாசை இருட்டு. வலையை விட்டுவிட்டுக் காத்திருக்கிறார். வெகுநேரம் ஒன்றுமில்லை. திடீரென்று கயிறு விறைக்கிறது. இழுத்துப் பார்க்கிறார், அசையவில்லை. படகே ஒரு பக்கம் சாய்கிறது. குலதெய்வத்தைக் கும்பிட்டுவிட்டு, காலை ஊன்றி, மூச்சைப் பிடித்து இழுக்கிறார். வலை மெல்ல மேலே வருகிறது. விளக்கைத் தூக்கி உள்ளே பார்க்கிறார்...

அங்கே அவர் நிறுத்திவிட்டு டீயை ஒரு வாய் உறிஞ்சியிருக்கிறார். "உள்ள இன்னா இருந்துச்சு?" என்று யாரோ கேட்டிருக்கிறார்கள்.

"மீனு."

ஒரு நொடி அமைதி. அப்புறம் மொத்தக் கூட்டமும் சிரித்ததில் உங்கள் கையிலிருந்த டீ சட்டையில் கொட்டியது என்று எழுதியிருக்கிறீர்கள்.

காலையில் வீட்டுக்குப் போனீர்கள். வாசலில் உட்கார்ந்து வலையின் கிழிசலைச் சரிசெய்துகொண்டிருந்த அப்பாவிடம் அதே கதையை அதே மாதிரி, அதே இடத்தில் நிறுத்திச் சொன்னீர்கள். "மீனு" என்று முடித்தீர்கள். அவர் சிரிக்கவில்லை. ஊசியை நிறுத்தி, தலையை நிமிர்த்தி, "இன்னா மீனு?" என்று கேட்டார்.

அப்பாவுக்கு ஜோக் புரியவில்லையா, நான் சொன்ன விதம் சரியில்லையா, இல்லை இந்த மொக்கை ஜோக்கில் சிரிக்க எதுவுமே இல்லையா என்று கேட்டிருந்தீர்கள். இந்த மூன்று வாரமாக உங்கள் கடிதம் என் மேசையிலேயே இருக்கிறது. எழுத உட்காரும்போதெல்லாம் அப்பாவின் அந்தக் கேள்வியைத்தான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். அவருக்கு நன்றாகவே புரிந்திருக்கிறது என்பது என் எண்ணம். அதற்குப் போகும் முன் டீக்கூட்டம் ஏன் சிரித்தது என்று பார்த்துவிடுவோம்.

மொக்கை, கடி, அறுவை, பிளேடு என்று நாம் எல்லாவற்றையும் ஒரே மூட்டையில் கட்டிவிடுகிறோம். ஆனால் உள்ளே இரண்டு தனித்தனி சரக்கு இருக்கிறது. "எந்தத் துறைக்கு முகம் இருக்கு?" என்று கேட்டு "துறைமுகம்" என்றால் அது கடி. ஒரு சொல்லைப் பிளந்து இரண்டு அர்த்தம் காட்டுகிறது. நீங்கள் பல்லைக் கடித்தாலும் அங்கே ஒரு சாமர்த்தியம் நடந்திருக்கிறது. "துறைமுகத்துக்கு ஏன் கப்பல் வருது?" என்று கேட்டு, ஆவலைக் கிளப்பிவிட்டு, "சரக்கு இறக்க" என்றால் அது வேறு சாதி. அங்கே சாமர்த்தியமே இல்லை. பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரிந்த பதில். ஜோக்கின் சட்டையைப் போட்டுக்கொண்டு சாதாரண உண்மை ஒன்று வந்து நிற்கிறது. இதை எதிர்ஜோக் என்று வைத்துக்கொள்வோம். உங்கள் மீன் கதை இந்த வகை.

எதிர்ஜோக்கின் வேலை பாதிக்கு மேல் கேட்பவர் தலைக்குள் நடக்கிறது. வலை கனக்கிறது என்று சொன்ன உடனே உங்கள் கூட்டத்தில் ஒவ்வொருவரும் வலைக்குள் ஒன்றைப் போட்டிருப்பார்கள். ஒருவருக்குச் சாமி சிலை, ஒருவருக்குப் பிணம், இன்னொருவருக்கு ஜாடியும் அதற்குள்ளே பூதமும். யாரும் அவர்களுக்குச் சொல்லித்தரவில்லை. ஆயிரத்தொரு இரவுகளில் மீனவர் வலையில் ஜாடி சிக்கி, அதைத் திறந்தால் பூதம் வந்தது. நம் பக்கத்தில் அதற்கும் பெரிய கதை இருக்கிறது. நாகப்பட்டினத்து நுளைப்பாடியில் வாழ்ந்த அதிபத்த நாயனாரைச் சேக்கிழார் பெரியபுராணத்தில் பாடியிருக்கிறார். பிடிக்கும் மீனில் ஒன்றைச் சிவனுக்கென்று கடலிலேயே விட்டுவிடும் மீனவர் அவர். கடைசியில் அவர் வலையில் பொன்னும் மணியும் இழைத்த மீனே வந்தது. நாகையில் ஆவணி மாதம் அதை இன்றும் விழாவாக நடத்துகிறார்கள். இப்படிப் பல நூறு வருடமாக வலைக்குள் அதிசயத்தைப் பார்த்துப் பழகிய மனசு நமக்கு. அந்தப் பழக்கத்தைத்தான் உங்கள் நண்பர் கயிறாகப் பிடித்து இழுத்திருக்கிறார்.

தொல்காப்பியத்து மெய்ப்பாட்டியல் எட்டு மெய்ப்பாடுகளில் நகையை, அதாவது சிரிப்பை, முதலில் வைக்கிறது. நான்காவதாக வருவது மருட்கை, அதாவது வியப்பு. நகை பிறக்கும் நான்கு இடங்களில் பேதைமையும் ஒன்று; மருட்கை பிறக்கும் நான்கில் புதுமையும் ஒன்று. எதிர்ஜோக் இந்த இரண்டுக்கும் நடுவே உள்ள வரப்பில் நடக்கிறது என்று எனக்குத் தோன்றும். புதுமை வரப்போகிறது என்று கேட்பவரை மருட்கைக்குத் தயார்செய்துவிட்டு, கடைசி அடியில் அவருடைய பேதைமையை அவருக்கே காட்டிவிடுகிறது. அடடா, வலையில் மீன்தானே வரும், வேறு எதை நினைத்துக்கொண்டிருந்தேன் என்று அவர் தன்னைப் பார்த்தே சிரிக்கிறார். அதில் யாருடைய நிறமும் சாதியும் உடம்பும் கேலிக்கு ஆளாகவில்லை. எனக்கு இந்த வகை ஜோக் பிடிப்பதற்கு முதல் காரணம் அதுதான்.

ஜெர்மன் தத்துவவாதி இம்மானுவேல் காண்ட் 1790-ல் வெளியிட்ட நூலில், இறுகிக்கொண்டே போன எதிர்பார்ப்பு சட்டென்று ஒன்றுமில்லாமல் ஆகும்போது சிரிப்பு வருகிறது என்று எழுதினார். இதில் எனக்கு ஒரு மாறுபாடு உண்டு. உங்கள் நண்பர் "வலையில ஒண்ணும் இல்ல" என்று முடித்திருந்தால் யாரும் சிரித்திருக்க மாட்டார்கள். அது ஒரு சோகக் கதையாக முடிந்திருக்கும். வலை எதற்காகப் போடப்பட்டதோ அதுவே வந்தது என்பதில்தான் சிரிப்பு. எல்லாவற்றையும் யோசித்த நாம் நேரான பதிலை மட்டும் யோசிக்காமல் விட்டிருந்தோம்.

நேரான பதில் எப்படிச் சிரிப்பாகும் என்பதற்குத் தமிழில் பெரிய சாட்சி ஒரு வாழைப்பழம். கங்கை அமரன் இயக்கிய 'கரகாட்டக்காரன்' 1989-ல் வந்தது. கவுண்டமணி காசு கொடுத்து இரண்டு பழம் வாங்கிவரச் சொல்கிறார். செந்தில் ஒன்றைத் தின்றுவிட்டு ஒன்றோடு வருகிறார். ஒன்று இங்கே இருக்கிறது, இன்னொன்று எங்கே என்று கேட்டால், அந்த இன்னொன்றுதான் இது என்கிறார். எத்தனை தடவை, எத்தனை விதமாகக் கேட்டாலும் அதே பதில். கவுண்டமணிக்கு வெறி ஏற ஏற, செந்திலின் முகத்தில் துளி மாற்றமில்லை. அதில் பொய் எதுவும் இல்லை என்பதை நினைத்துப் பாருங்கள். இரண்டில் எதை எடுத்தாலும் அது இன்னொன்றுக்கு இன்னொன்றுதான். கேட்டவர் கணக்கு கேட்கிறார். சொன்னவர் சொல்லுக்கு மட்டும் பதில் தருகிறார். முப்பது வருடத்துக்கு மேலாகியும் டீக்கடையில் யாராவது ஒரு வடையைக் கையில் வைத்துக்கொண்டு இன்னொன்றைத் தேடினால் பக்கத்து பெஞ்சில் சிரிப்பு எழுகிறது.

இந்தக் குடும்பத்துக்கு இன்னும் மூத்த பாட்டன் ஒருவர் உண்டு. 1680-ல் இத்தாலியில் பிறந்து தமிழகம் வந்த வீரமாமுனிவர் எழுதிய பரமார்த்த குரு கதை. குதிரையில் போன குருவின் தலைப்பாகை விழுந்தபோது சீடர்கள் எடுக்கவில்லை, எடுக்கச் சொல்லவில்லையே என்கிறார்கள். விழுவதையெல்லாம் எடுங்கள் என்று குரு சொல்ல, குதிரை போட்ட சாணத்தையும் எடுத்து வைக்கிறார்கள். அவர் கோபித்துக்கொள்ள, எவற்றை எடுக்க வேண்டும் என்று ஓலையில் எழுதி வாங்கிக்கொள்கிறார்கள். அப்புறம் குருவே பள்ளத்தில் விழுந்துவிடுகிறார். சீடர்கள் ஓலையைப் படித்துப் பார்க்கிறார்கள். அதில் குருவின் பெயர் இல்லை. பள்ளத்தில் கிடந்தபடியே அவர் தன் பெயரையும் எழுதிக்கொடுத்த பிறகுதான் தூக்குகிறார்கள். பெஞ்சமின் பாபிங்டன் இதை 1822-ல் ஆங்கில மொழிபெயர்ப்போடு லண்டனில் அச்சிட்டார். அமெரிக்காவில் கோழி ஏன் சாலையைக் கடந்தது என்ற ஜோக் நியூயார்க் பத்திரிகை ஒன்றில் அச்சானது 1847-ல். அந்தப் பக்கம் போகத்தான் என்பது பதில். எதிர்ஜோக்குக்கு உலகம் முழுக்கக் காட்டும் உதாரணம் அந்தக் கோழிதான். நம் குரு அதற்கும் கால் நூற்றாண்டு முன்னாலேயே அச்சில் பள்ளத்தில் விழுந்துவிட்டார் என்பதில் எனக்கு ரொம்பப் பெருமை.

ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். இதே கருவியை மனசு நோக வைக்கவும் பயன்படுத்தலாம். அமெரிக்காவில் போன நூற்றாண்டின் நடுவில் பரவிய ஒரு விளையாட்டு இருந்தது. நாலு பேர் முன்னாலேயே பேசி வைத்துக்கொண்டு ஒருவரை உட்கார வைத்து ஜோக் சொல்வார்கள். கடைசி வரி "சோப்பு இல்லை, ரேடியோ" என்று சம்பந்தமே இல்லாமல் முடியும். நாலு பேரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். விவரம் தெரியாதவர் புரிந்தமாதிரி சிரித்தால் எதற்குச் சிரித்தாய் என்று மடக்குவார்கள். சிரிக்காவிட்டால் உனக்குப் புரியவில்லையா என்பார்கள். வேலைக்குப் புதிதாக வரும் பையன்களிடம் இதை நம் ஊரிலும் செய்கிறார்கள். எனக்கு அது பிடிக்காது. உங்கள் நண்பர் அப்படிச் செய்யவில்லை. எல்லோரையும் ஒரே படகில் ஏற்றி, எல்லோரையும் ஒரே இடத்தில் இறக்கிவிட்டார்.

அவர் சொன்ன விதத்தையும் கொஞ்சம் பாராட்ட வேண்டும். அவர் சிரிக்கவில்லை. அதிசயக் கதைக்கு உரிய குரலிலேயே கடைசி வரை போயிருக்கிறார். வாயைத் திறந்து பதில் சொல்ல வேண்டிய நேரத்தில் டீயை உறிஞ்சியது பெரிய வித்தை. அந்த ஒரு வாய் டீ நேரத்தில்தான் எல்லோருடைய வலையிலும் பூதமும் பொன்னும் வந்து விழுந்தன. கடைசிச் சொல் இரண்டே எழுத்து. அவர் "பெரிய வஞ்சரம், ஆறு கிலோ" என்று சொல்லியிருந்தால் ஜோக் அங்கேயே செத்திருக்கும். ஆறு கிலோ வஞ்சரம் ஒரு செய்தி. கேட்பவருக்கு ஒரு சின்ன வியப்பாவது கிடைத்துவிடும். வெறும் மீன் என்று சொன்னதால்தான் எந்த வியப்பும் இல்லாமல் போனது. என்ன மீன் என்பதை மறைத்தால் மட்டுமே அந்தக் கதை ஜோக்காக நிற்கும்.

உங்கள் அப்பா சரியாக அந்த இடத்தில்தான் கையை வைத்தார்.

அவர் அந்தக் கதையைக் கேட்ட விதத்தை யோசித்துப் பாருங்கள் தம்பி. அமாவாசை இருட்டு, தனி ஆள், கயிறு விறைப்பு, படகு சாய்கிறது. டீக்கூட்டத்துக்கு இதெல்லாம் கதையின் அலங்காரம். அவருக்கு இதெல்லாம் ஒரு ராத்திரியின் விவரம். அவர் வலைக்குள் பூதத்தைப் போட்டிருக்க மாட்டார். பாறையில் சிக்கியிருக்குமோ, அடுத்தவர் வலையோடு பின்னிக்கொண்டதோ, சேறோ, சொறி என்கிற ஜெல்லிமீனை அள்ளிக்கொண்டதோ, வலை போனால் மறுபடி வாங்கப் பணத்துக்கு எங்கே போவது என்றுதான் அவர் மனசு ஓடியிருக்கும். அந்த வரிசையில் மீன் என்பது இருப்பதிலேயே நல்ல பதில். உங்கள் கூட்டத்துக்கு ஏமாற்றமாக முடிந்த கதை அவருக்கு நிம்மதியாக முடிந்தது. நிம்மதி அடைந்தவர் அடுத்ததாக என்ன கேட்பார்? எந்த மீன், எவ்வளவு, என்ன விலைக்குப் போனது என்றுதானே கேட்பார்.

அவர் எந்தத் தண்ணீரில் வலை போடுகிறார் என்பதும் இதில் இருக்கிறது. கிழக்கே கடல், மேற்கே பக்கிங்காம் கால்வாய், தெற்கே எண்ணூர் முகத்துவாரம், வடக்கே பழவேற்காட்டு ஏரி என்று நாலு பக்கமும் மீன் இருந்த மண் காட்டுப்பள்ளி. கப்பல் கட்டும் தளத்துக்காக உங்கள் குப்பமே இடம் மாறியதைப் பற்றி ஒரே ஒரு வரி எழுதிவிட்டு மேலே போய்விட்டீர்கள். அந்த வரியைத் தாண்டி என்னால் எளிதாகப் போக முடியவில்லை. கொசஸ்தலை ஆறு கடலில் சேரும் இடத்தில் அனல்மின் நிலையச் சாம்பல் படிந்தது. 2017 ஜனவரி 28-ல் காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கரை ஒதுங்கியபோது, ஆட்கள் வரிசையாக நின்று வாளியில் மொண்டு ஊற்றியதை நாடே பார்த்தது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மறுபடி எண்ணெய் வந்து எண்ணூர் குப்பங்களின் படகும் வலையும் கறுத்துப்போயின. இத்தனைக்கும் பிறகு ஒருவர் வலையை இழுத்தார், உள்ளே மீன் இருந்தது என்றால், அந்தக் கரையில் அது ஆர்வத்தோடு விசாரிக்க வேண்டிய சேதி.

எதிர்ஜோக்குக்கு உயிர் கொடுப்பது எது சாதாரணம் என்பதில் சொல்பவருக்கும் கேட்பவருக்கும் உள்ள உடன்பாடு. வலையில் மீன் வருவது சாதாரணம் என்று டீக்கூட்டத்தில் எல்லோரும் ஒப்புக்கொண்டிருந்தீர்கள், அதனால் சிரிப்பு வந்தது. வாசலில் உட்கார்ந்திருந்தவர் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடவில்லை.

அதிபத்த நாயனார் கதையில் எல்லோரும் பொன்மீனைத்தான் நினைவில் வைத்திருக்கிறோம். அதற்கு முன்னால் வரும் பகுதியைப் படித்துப் பாருங்கள். மீன் வரத்துக் குறைந்து, நாள் முழுக்க வலை வீசியும் ஒரே ஒரு மீன் மட்டும் சிக்கிய நாட்கள் வரும். அந்த ஒன்றையும் விட்டுவிட்டு அவர் பசியோடு வீட்டுக்குப் போனார். ஒற்றை மீன் என்றால் என்ன என்று அந்த வீட்டுக்குத் தெரிந்திருக்கும். உங்கள் வீட்டுக்கும் தெரியும்.

நான் திருவொற்றியூரில் வளர்ந்தவள். சின்ன வயதில் கரைவலை இழுக்கும் நாளில் ஸ்கூல் பையோடு மணலில் போய் நிற்போம். இரண்டு பக்கமும் ஆட்கள் கயிற்றை இடுப்பில் கொடுத்துப் பின்பக்கமாகவே நடந்து இழுப்பார்கள். வலையின் மடி கரைக்கு நெருங்க நெருங்கக் காகம் முதலில் வரும், அப்புறம் கூடைக்காரப் பெண்கள், அப்புறம் நாங்கள். மடியைப் பிரிக்கும் முன்பே ஒரு பாட்டி அதன் மேல் கையை வைத்து அழுத்திப் பார்த்து "காரப்பொடி" என்றோ "வெறுங்குப்பை" என்றோ சொல்லிவிடுவாள். நாங்கள் திமிங்கலம் இருக்கும் என்று பந்தயம் கட்டிக்கொண்டு நிற்போம். ஒரு நாள் கூட இருந்ததில்லை. மடியைக் கொட்டியதும் துள்ளும் வெள்ளிக் குவியலைப் பார்த்து, மீன்தானா என்று எங்களுக்கு முகம் தொங்கிவிடும். பாட்டி அதற்குள் கூடையை நிறைத்துக்கொண்டிருப்பாள். இன்று அந்தக் கரை நெடுகப் பாறாங்கல் கொட்டியிருக்கிறார்கள். கரைவலை இழுக்க மணல் இல்லை.

உங்கள் கதையைப் படித்தபோது நான் முதலில் டீக்கூட்டத்தோடு சேர்ந்து சிரித்தேன். அப்புறம் அப்பாவின் கேள்விக்கு வந்தபோது அந்தப் பாட்டியின் கை ஞாபகம் வந்தது. இரண்டும் எனக்குள் இருக்கின்றன. இரண்டும் உங்களுக்குள்ளும் இருக்கின்றன என்று நினைக்கிறேன். இல்லாவிட்டால் இத்தனை பக்கம் எழுதி என்னைக் கேட்டிருக்க மாட்டீர்கள்.

நீங்கள் சொன்ன விதத்தில் தப்பில்லை. யார்டில் அந்தக் கதையை அப்படியே சொல்லுங்கள், புதிதாக வரும் ஆட்களுக்கும் சொல்லுங்கள். வீட்டில் மட்டும் கொஞ்சம் மாற்றிச் சொல்லிப் பாருங்கள். அப்பா மறுபடி "இன்னா மீனு?" என்று கேட்டால் "மடவை" என்று சொல்லுங்கள். எத்தனை கிலோ என்று கேட்பார். முகத்துவாரத்துக்கு உள்ளேயா வெளியேயா, தண்ணீர் ஏற்றமா வற்றமா என்று கேட்பார். எந்த இடம் என்று நீங்கள் தப்பாகச் சொன்னால் அங்கே மடவை வராது என்று திருத்துவார். எங்கே வரும் என்று கேளுங்கள். அவர் சொல்வதை எழுதி எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்,
உங்கள் அக்கா